வெள்ளிக்கிழமை என்று அவர் சொல்லவில்லை

நாங்கள் ஒன்பது பேர். ஒன்பது பேரும் தேயிலைத் தோட்டப் பாடசாலைகளில் சம்பளமில்லாமல் படிப்பித்தவர்கள். தொண்டர் ஆசிரியர் என்று எங்களுக்கு ஒரு பெயர் வைத்திருந்தார்கள். கேட்பதற்கு ஏதோ கோயில் திருப்பணி மாதிரி இருக்கும். காலையில் ஆள் எடுக்கும் பெரட்டில் பெயர் கூப்பிடாமலே கொழுந்து மலைக்கு அனுப்பப்பட்ட ஆளுக்கும் எங்களுக்கும் பெரிய வித்தியாசம் இல்லை.

நிரந்தர நியமனம் கேட்டு பதுளையில் வழக்குப் போட்டோம். வென்றும் விட்டோம். மூன்று மாதத்துக்குள் எங்களை ஆசிரியர் சேவையில் சேர்க்க வேண்டும் என்று கட்டளை வந்தது. அந்தக் கட்டளையில் ஒரு நிபந்தனை இருந்தது. நியமனக் கடிதத்தில் போடப்படும் திகதியன்று விண்ணப்பதாரருக்கு நாற்பத்தைந்து வயது பூர்த்தியாகி இருக்கக் கூடாது. எட்டுப் பேர் அந்த வரியை வாசித்துவிட்டு அடுத்த வரிக்குப் போனோம். எங்களில் மூத்தவளான ஒருத்தி மட்டும் அங்கேயே நின்றுவிட்டாள். அவளை நாங்கள் அக்கா என்றுதான் கூப்பிடுவோம். அவளுக்கு அப்போது நாற்பத்து மூன்று முடிந்து சில மாதங்கள்.

"மூணு மாசந்தானே, தம்பி? எனக்கு இன்னும் ஒரு வருசத்துக்கு மேல இருக்கு" என்று என்னிடம் சொன்னாள். என்னிடம் சொன்ன மாதிரி தனக்கே சொல்லிக்கொண்டாள்.

ஹல்துமுல்லைக்குக் கீழே ஒரு தோட்டத்தில் அவளுடைய பாடசாலை. தரம் ஒன்றும் இரண்டும் ஒரே அறையில். பதினோரு வருடமாக அந்த அறை அவள் பொறுப்பு. அண்ணன் குடும்பத்தோடு லயத்து வரிசை வீடுகளில் ஒரு காம்பிரா அறையில் இருந்தாள். கல்யாணம் ஆகவில்லை. வேலை நிரந்தரமானதும் பார்க்கலாம் என்று வீட்டில் தள்ளிப்போட்டு, பிறகு அதைப் பற்றிப் பேசுவதையே விட்டுவிட்டார்கள். அண்ணி கொழுந்து பறிக்கப் போகிறவள். பெரிய குரலில் பேசாத, நல்ல மனுஷிதான். ஆனாலும் சாப்பாட்டுத் தட்டை வைக்கும்போது, "டீச்சரம்மாவுக்கு இன்னும் கொஞ்சம் வைக்கவா?" என்று கேட்பாளாம். அந்த "டீச்சரம்மா" தொண்டையில் முள்ளாய் நிற்கும் என்று அக்கா ஒருமுறை சொன்னாள். நியமனம் கிடைத்தால் அவள் டீச்சர். கிடைக்காமல் நாற்பத்தைந்து முடிந்தால், வீட்டில் இடத்தை அடைத்துக்கொண்டிருக்கும் ஒரு வயதான பொம்பளை. அவளுக்கு இது இவ்வளவு வெட்டவெளிச்சமாகத் தெரிந்திருந்தது.

மூன்று மாதம் ஆறாகி, ஆறு ஒரு வருடமாகி, அதற்கு மேலும் போனது. நாங்கள் அலுவலகத்துக்கு நடையாய் நடந்தோம். அந்த அலுவலகத்தின் பெயரை எழுத மாட்டேன். எங்கள் கோப்பு ஒரு கிளார்க்கின் கையில் இருந்தது. அவனும் எங்கள் பக்கத்துத் தோட்டத்துப் பிள்ளை. என்னோடு ஒரே வருடம் உயர்தரப் பரீட்சை எழுதியவன். போகும்போதெல்லாம், "ஃபைல் மேல போயிருக்கு" என்பான். மேலே என்றால் எங்கே என்று கேட்டால் கூரையைப் பார்ப்பான்.

ஒருநாள் எங்கள் எல்லாருக்கும் முன்னால் அக்காவிடம் கேட்டான்.

"அக்கா, ஒங்களுக்கு எப்ப பொறந்த நாளு?"

"செப்டெம்பர்ல."

"இந்த செப்டெம்பரோட நாப்பத்தஞ்சா?"

"ஆமா தம்பி."

"அப்ப சொல்லுங்க, கேக் வெட்டிருவோம்."

பக்கத்து மேசையில் இருந்த இரண்டு பேர் சிரித்தார்கள். எங்களில் ஒருவனும் சிரித்தான். எவன் என்று நீங்கள் கேட்பதற்கு முன் சொல்லிவிடுகிறேன், நான்தான். கோப்பை வைத்திருப்பவன் சிரிக்கும்போது சேர்ந்து சிரித்தால் கோப்பு நகரும் என்று ஒரு நம்பிக்கை எங்கள் ஆட்களுக்கு உண்டு. தொரை சிரித்தால் கங்காணி சிரிப்பார், கங்காணி சிரித்தால் வரிசை முழுதும் சிரிக்கும். அக்கா தன் கைப்பையின் சிப்பை இழுத்து மூடினாள். எழுந்து வெளியே போனாள்.

கிளார்க்குக்கு மேலே இருந்த அதிகாரிதான் கட்டளையை நிறைவேற்ற வேண்டியவர். அவரும் எங்களில் ஒருவர். பசறைப் பக்கம் ஒரு லயத்தில் பிறந்து, சிமினி விளக்கில் படித்து, அவ்வளவு உயரத்துக்கு வந்தவர். எங்கள் தோட்டங்களில் பிள்ளைகளைத் திட்டும்போது அவர் பெயரைச் சொல்லித்தான் திட்டுவார்கள். அவரைப் பார், நீயும் இருக்கிறாயே என்று. அவர் ஏன் எங்களுக்குக் கொடுக்காமல் இழுத்தார் என்பது இன்றுவரை எனக்குத் தெரியாது. எங்களை யாரும் சிபாரிசு செய்யவில்லை என்றார்கள். அவரைக் கேட்காமல் வழக்குப் போட்டதில் கோபம் என்றார்கள். என் அபிப்பிராயம் வேறு. தான் ஏறிவந்த வழியில் பின்னால் யாராவது சுலபமாக ஏறி வந்தால் சிலருக்கு வயிறு எரியும்.

கடைசியில் எங்கள் சட்டத்தரணி நீதிமன்ற அவமதிப்பு மனுப் போட்டார். பண்டாரவளையைச் சேர்ந்த முஸ்லிம் பெண்மணி அவர். எங்களை விடச் சுத்தமாகத் தோட்டத் தமிழ் பேசுவார். அவருடைய வாப்பாவுக்குத் தோட்டத்து ஆட்களை நம்பி நடந்த ஒரு துணிக்கடை இருந்ததாம். மனு எடுக்கப்பட்ட முதல் தவணை நாளில் அதிகாரி நீதிமன்றத்துக்கு வந்தார். வெள்ளைச் சட்டை, கறுப்புக் காற்சட்டை. எங்கள் பக்கம் பார்க்காமல் நின்றார். அடுத்த தவணைக்குள் கட்டளை நிறைவேறாவிட்டால் குற்றப்பத்திரம் வாசிக்கப்படும் என்றும், குற்றவாளி என்று கண்டால் சிறைக்கும் போக நேரிடலாம் என்றும் நீதிபதி சிங்களத்தில் சொன்னார். மொழிபெயர்ப்பாளர் அதைத் தமிழில் சொன்னபோது அதிகாரியின் காது மடல் சிவந்ததை நான் பார்த்தேன். எனக்கு அப்படி ஒரு சந்தோஷம்.

திரும்பி வரும் பஸ்ஸில் நாங்கள் சிரித்த சிரிப்பு இருக்கிறதே. சிறையில் அவருக்கு எந்தத் தட்டில் சோறு போடுவார்கள், கக்கூஸுக்கு வாளி தூக்க விடுவார்களா, அவருடைய பெண்சாதி பார்க்க வரும்போது என்ன சேலை கட்டுவாள் என்றெல்லாம் பேசினோம். ஹப்புத்தளையில் மூடுபனி பஸ்ஸுக்குள் ஏறும்வரை பேசினோம். மனிதர் ஒருவர் சிறுத்துப்போவதைப் பார்ப்பது எவ்வளவு ருசியானது என்று அன்று தெரிந்துகொண்டேன். அக்கா மட்டும் ஜன்னலோரம் கட்டளையின் பிரதியை மடித்து விரித்துக்கொண்டிருந்தாள்.

"என்னக்கா, ஒங்களுக்கு சந்தோசமில்லையா?" என்று கேட்டேன்.

"அவர உள்ள போட்டு எனக்கு என்ன ஆகப்போவுது? கடுதாசி வந்தாப் போதும்" என்றாள்.

அடுத்த தவணை ஜூலையில், ஒரு புதன்கிழமை. அதற்கு முந்திய சனிக்கிழமை கிளார்க் எனக்குப் போன் பண்ணினான். திங்கட்கிழமை ஒன்பது பேரையும் அதிகாரி சேர் தன் அறைக்கு வரச்சொல்கிறார், நல்ல செய்திதான், வக்கீலம்மாவுக்குச் சொல்ல வேண்டாம், நம்ம ஆட்களுக்குள் பேசி முடித்துக்கொள்வோம் என்றான். நான் தலைகால் புரியாமல் துள்ளினேன். எட்டுப் பேருக்கும் நானே சொன்னேன். பொன்னாடை வாங்க வேண்டும் என்ற யோசனையும் என்னுடையதுதான்.

இதை வெளியாட்களுக்கு விளங்கவைப்பது கஷ்டம். எங்கள் மலையில் ஒரு பெரிய மனிதரைப் பார்க்க வெறுங்கையோடு போக மாட்டார்கள். தோட்டத்துக்குப் புதுத் தொரை வந்தால் மாலை, மாற்றலாகிப் போனால் மாலை. தண்ணீர்க் குழாய் போட்டுத் தருவதாகச் சொன்ன அரசியல்வாதிக்குக் குழாய் வரும் முன்பே பொன்னாடை போர்த்துவோம். போர்த்திய பிறகு அவரால் மாற முடியாது என்று எங்களுக்கு எண்ணம். அவர்கள் போர்த்தியதை மடித்து ஜீப்பின் பின்சீட்டில் போட்டுவிட்டுப் போய்விடுவார்கள். நாங்கள் அடுத்தவருக்கு வாங்குவோம்.

திங்கள் காலை பதுளை கடைத்தெருவில், அரக்குக் கரை போட்ட ஒன்றைத் தெரிந்தெடுத்தேன். அக்கா கடை வாசலிலேயே நின்றாள்.

"தம்பி, இது வேணாம். கடுதாசி கையில வரட்டும், அப்பறம் போத்துவோம்."

"அக்கா, அவர நம்ம வழக்குல இழுத்துவிட்டு நிக்கிறோம். மனசு கசந்து போயிருக்கும். ஒரு மரியாத பண்ணாத்தான் எளகும்."

"மரியாத கோர்ட்டுல பண்ணியாச்சே. அவரு உள்ள வந்தப்ப எந்திரிச்சு நின்னோமே, பத்தாதா?"

எனக்குக் கோபம் வந்தது. எல்லார் முன்னாலும் அவளைத் திட்டினேன். "நீங்க இப்படி மூஞ்சியத் தூக்கி வச்சிக்கிட்டு இருந்தா எட்டுப் பேரு பொழப்பும் கெட்டுரும்" என்றேன். அதோடும் விடவில்லை. மூத்தவர் நீங்கள்தான், உங்கள் கையால் போர்த்தினால்தான் அவருக்கு உங்கள்மேல் இரக்கம் வரும், உங்களுக்குத்தானே அவசரம் என்று சொன்னேன். உங்களுக்குத்தானே அவசரம் என்பதை இரண்டு முறை சொன்னதாக ஞாபகம். அவள் பொன்னாடையை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள்.

அதிகாரியின் அறையில் மெத்தை போட்ட நாற்காலிகள். பால் தேநீரும் பிஸ்கட்டும் வந்தன. அதுவரை வாசல் பலகையைத் தாண்டி உள்ளே போயிராத எங்களுக்கு, பிஸ்கட்டை எடுக்கலாமா கூடாதா என்பதே பெரிய பிரச்சினையாக இருந்தது. அவர் நெடுநேரம் தன் கதையைப் பேசினார். வெறுங்காலோடு நடந்து பாடசாலைக்குப் போனது, அட்டை கடித்த காலோடு பரீட்சை எழுதியது.

"நானும் லயத்துல பொறந்தவன்தான். என்னையே கூண்டுல ஏத்திப் பாக்கணும்னு நெனச்சிட்டீங்க, பரவால்ல. கடிதம் எல்லாம் அடிச்சாச்சு. வர்ற வெள்ளிக்கிழமை வாங்க. ஒம்பது பேருக்கும் என் கையாலயே தர்றேன். புதன்கிழமை கோர்ட்லயும் இதையே சொல்லிர்றேன்" என்றார்.

வெள்ளிக்கிழமை என்று சொன்னார். மேசை நாட்காட்டியைத் தன் பக்கம் திருப்பி, விரலை வைத்துச் சொன்னார். ஒன்பது பேரும் கேட்டோம்.

நான் கண்ணைக் காட்டினேன். அக்கா எழுந்து போய்ப் பொன்னாடையைப் போர்த்தினாள். அவர் கைகூப்பிக் குனிந்தார். கிளார்க் போனை எடுத்து, "அக்கா, இங்க பாருங்க, கொஞ்சம் சிரிங்க" என்றான். அவள் சிரித்தாள். நாங்கள் எட்டுப் பேரும் பின்னால் வரிசையாக நின்று சிரித்தோம். அந்தப் படத்தில் என் பல் எல்லாம் தெரியும்.

புதன்கிழமை அந்தப் படம் நீதிமன்றத்தில் இருந்தது. பெரிதாக, நிறத்தில் எடுத்து, இலக்கம் போட்டு, அதிகாரியின் சட்டத்தரணி நீதிபதியிடம் கொடுத்தார். மனுதாரர்கள் தாமாக வந்து நன்றி தெரிவித்திருக்கிறார்கள், அவர்களுக்கு மனக்குறை எதுவும் இல்லை, நியமன வேலைகள் நடந்துகொண்டிருக்கின்றன, மேலிடத்து அனுமதி ஒன்று மட்டும் வர வேண்டும், பத்து வாரம் அவகாசம் தேவை என்றார். வெள்ளிக்கிழமை பற்றி ஒரு வார்த்தை இல்லை. எங்கள் சட்டத்தரணி படத்தைப் பார்த்தார். பிறகு எங்களைப் பார்த்தார். அவருக்கு நாங்கள் எதுவுமே சொல்லியிருக்கவில்லையே.

நீதிபதி படத்தில் பொன்னாடை போர்த்துபவரை எழுந்து நிற்கச் சொன்னார். அக்கா எழுந்தாள்.

"படத்துல இருக்கிறது நீங்கதானா?" என்று மொழிபெயர்ப்பாளர் தமிழில் கேட்டார்.

"ஆமாங்க."

"யாராவது கட்டாயப்படுத்திப் போர்த்தச் சொன்னாங்களா?"

அவள் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. "இல்லைங்க" என்றாள்.

"நியமனம் தருவதா அவர் சொன்னாரா?"

"சொன்னாருங்க."

அதோடு உட்காரச் சொன்னார்கள், உட்கார்ந்துவிட்டாள். எந்த நாள் என்று சொன்னார் என யாரும் கேட்கவில்லை. கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லி வளர்ந்த ஆட்கள் நாங்கள். பெரியவர்கள் கேட்காததை எடுத்துச் சொன்னால் அதற்குப் பெயர் வாய்க்கொழுப்பு. நான் எழுந்து சொல்லியிருக்கலாம். என் வாயும் திறக்கவில்லை.

எங்கள் சட்டத்தரணி விடாமல் பேசினார். பத்து வாரத்துக்குள் ஒருவருக்கு வயது தாண்டிவிடும் என்றார். அதற்கு முன்பே கொடுக்கத் தடையில்லையே என்றார் நீதிபதி. இயன்றவரை முயல்வோம் என்று மற்றப் பக்கத்துச் சட்டத்தரணி தலை வணங்கினார். குற்றப்பத்திரம் வாசிக்கப்படவில்லை. அதிகாரி வெளியே போகும்போது எங்களைப் பார்த்துத் தலையாட்டிவிட்டுப் போனார், கல்யாண வீட்டில் தெரிந்தவரைப் பார்த்துப் போகிற மாதிரி.

நீதிமன்றத் தாழ்வாரத்தில் வைத்து எங்கள் சட்டத்தரணி எங்களைக் கிழித்துத் தோரணம் கட்டினார். "ஒங்களுக்குப் புத்தி இருக்கா? சிறைக்குப் போற ஆளுக்குச் சால்வை போத்துறீங்க. யாரு யோசன இது?"

எல்லாருடைய கண்ணும் என்னிடம் வந்தது. அக்கா, "எல்லாரும் சேந்துதான் மேடம் செஞ்சோம்" என்றாள். எனக்கு நன்றியாக இருந்திருக்க வேண்டும். எரிச்சலாக இருந்தது. அவள் என்னைக் காட்டிக்கொடுத்திருந்தால் கணக்குத் தீர்ந்திருக்கும்.

வெள்ளிக்கிழமை அலுவலகத்துக்குப் போனோம். சேர் கொழும்பில் கூட்டத்துக்குப் போயிருக்கிறார் என்றான் கிளார்க். ஆகஸ்ட் முழுதும் கூட்டம். செப்டெம்பரில் அக்காவுக்கு நாற்பத்தைந்து முடிந்த நாள் காலையில் கிளார்க் அவளுக்கு வாட்ஸ்அப்பில் ஒரு ரோஜாப்பூப் படம் அனுப்பியிருந்தான். கீழே இனிய பிறந்தநாள் வாழ்த்துகள் என்று எழுதி, கைகூப்பிய படமும் போட்டிருந்தான். அதை அவள் எனக்குக் காட்டினாள். நான் போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, ஊருக்குப் போகும் பெரகல பஸ் எத்தனை மணிக்கு என்று கேட்டேன்.

பதினோரு நாள் கழித்து நியமனக் கடிதம் கொடுக்கும் விழா. நீதிமன்றம் கொடுத்த பத்து வாரம் முடிய இன்னும் மூன்று நாள் மீதி இருந்தது. மண்டபத்தில் வாழைமரம் கட்டியிருந்தார்கள். ஒன்பது பேருக்கும் அழைப்பு வந்திருந்தது, அக்காவுக்கும். அழைப்பு வந்ததால் அவளுக்கு ஒரு நப்பாசை. கடிதத்தில் பழைய திகதி போட்டிருப்பார்களோ என்று என்னிடம் கேட்டாள். "இருக்கும்க்கா" என்றேன். அவளுடைய அண்ணி தன் கல்யாணச் சேலையைக் கட்டக் கொடுத்திருந்தாள்.

முன்வரிசையில் ஒன்பது நாற்காலி. பெயர் கூப்பிடக் கூப்பிட ஒவ்வொருவராய் எழுந்து மேடைக்குப் போய், கடிதத்தை வாங்கி, மேடையிலேயே வரிசையாக நின்றோம். கீழே ஒன்பது நாற்காலியில் எட்டு காலி. அவள் மட்டும் நடுவில், மடியில் கைவைத்து, அடுத்த பெயருக்குக் காத்திருந்தாள். அடுத்து கூப்பிட்டது நன்றியுரைக்கு. அதிகாரி ஒலிவாங்கியில், "வயது காரணமாக ஒரு சகோதரிக்கு வழங்க முடியாமல் போனது எனக்கு மிகுந்த மனவேதனை. அவருடைய தொண்டு தொடர வேண்டும்" என்றார். கைதட்டினார்கள். மேடையில் நின்ற நாங்களும் தட்டினோம்.

என்னை மொனராகலைப் பக்கம் ஒரு பாடசாலைக்குப் போட்டார்கள். வெயில் என்றால் அப்படி ஒரு வெயில். மலையில் பிறந்தவனுக்குத் தோல் உரிந்துவிடும். மனைவியும் ஒரு வயதுப் பிள்ளையும் ஹல்துமுல்லையில். பிள்ளைக்கு மூச்சு இழுப்பு. இரண்டு வாரத்துக்கு ஒருமுறை பஸ் மாறி மாறி வீட்டுக்கு வந்து, ஒருநாள் இருந்துவிட்டுத் திரும்புவேன். இதையெல்லாம் நான் சொல்வது காரணம் காட்டத்தான். காரணம் இல்லாமலும் நான் செய்திருப்பேன் என்று சில நேரம் தோன்றுகிறது.

அந்த வருடக் கடைசியில் அக்கா என்னைத் தேடி மொனராகலைக்கே வந்தாள். சட்டத்தரணி அவளுக்காக மறுபடி அவமதிப்பு மனுவைக் கிளப்பியிருந்தார். வெள்ளிக்கிழமை தருவதாகச் சொல்லி, கடிதங்களையும் அடித்து வைத்துக்கொண்டு, அவளுக்கு வயது தாண்டும்வரை வேண்டுமென்றே நிறுத்தினார் என்று காட்டினால் போதும். பின்திகதியிட்டு நியமனம் வாங்கிவிடலாம். ஆனால் வெள்ளிக்கிழமை என்றதற்கு அவளைத் தவிர வேறு யாராவது சத்தியக்கடதாசி கொடுக்க வேண்டும். ஒரே ஒருவர் போதும்.

ஏழு பேரிடமும் போய்விட்டுக் கடைசியாக என்னிடம் வந்திருந்தாள். எல்லாருக்கும் மூன்று வருடத் தகுதிகாண் காலம். எல்லாருக்கும் பயம்.

"பொய் எழுத வேணாம், தம்பி. நீ கேட்டத மட்டும் எழுது. அவரு நாள்காட்டியில வெரல வச்சாரே, அது ஒனக்கு ஞாபகம் இருக்குல்ல?"

"இருக்குக்கா."

"அது போதும்."

"யோசிச்சு சொல்றேன்க்கா" என்றேன். பாடசாலை வாசலில் நின்றபடியே பேசினோம். பிற்பகல் இரண்டு மணி, நல்ல உச்சி வெயில். அவள் விடியற்காலையில் பஸ் ஏறியவள். உள்ளே வந்து ஒரு வாய் தண்ணீர் குடியுங்கள் என்றுகூட நான் சொல்லவில்லை. அதிபர் பார்த்து, யார் என்று கேட்டுவிடுவாரோ என்று பயம்.

அடுத்த வாரம் கிளார்க் பேசினான். பழைய நட்பைப் பற்றிப் பேசினான். பிள்ளைக்கு இழுப்பு எப்படி என்று கேட்டான். பிறகு, "ஒன்னய வீட்டுப் பக்கமே எடுத்துரலாம். சேருக்கு ஒன் மேல நல்ல எண்ணம். நீ ஒரு கையெழுத்து மட்டும் வச்சா போதும்" என்றான்.

பதுளைக்குப் போனேன். கடதாசி தயாராக இருந்தது. அந்தத் திங்கட்கிழமை நானும் அந்த அறையில் இருந்தேன், நியமனத்துக்கு அதிகாரி எந்த நாளும் குறிக்கவில்லை, கூடிய விரைவில் என்று மட்டுமே சொன்னார், பொன்னாடை போர்த்துவது எங்கள் ஒன்பது பேருடைய சொந்த விருப்பம் என்று எழுதியிருந்தது. நான் அறையில் இருந்தது உண்மை; கடைசி ஒன்றில் பாதி உண்மை இருந்தது. மெய்யென்று உறுதி கூறிக் கையெழுத்து வைத்தேன். கை நடுங்கியது என்று எழுதினால் நன்றாக இருக்கும். நடுங்கவில்லை. பஸ்ஸைப் பிடிக்க வேண்டுமே என்றுதான் நினைத்தேன்.

தவணையன்று நான் போகவில்லை. மற்ற ஏழு பேரும் போகவில்லை. அந்தப் பக்கத்துச் சட்டத்தரணி என் சத்தியக்கடதாசியை வாசித்தபோது, என் பெயரை மொழிபெயர்ப்பாளர் இரண்டு முறை சொல்ல வேண்டி வந்ததாம். முதல் முறை சொன்னபோது அக்கா, "அது இருக்காதுங்க" என்றாளாம். அன்றைக்குத்தான் யாரும் கேட்காத கேள்விக்கு அவள் பதில் சொன்னாள். மனு தள்ளுபடியானது. அதிகாரி நீதிமன்றத்தை அவமதிக்கவில்லை என்று தீர்ப்பு. எங்கள் சட்டத்தரணி என் எண்ணுக்கு எடுத்து, நான் "ஹலோ" சொன்னதும், ஒன்றும் பேசாமல் வைத்துவிட்டார்.

மூன்றாம் மாதம் இடமாற்றக் கடிதம் வந்தது. வீட்டிலிருந்து நடந்து போகிற தூரம். மனைவி சாமிக்கு விளக்கு வைத்தாள். நான் பாடசாலையின் பெயரை வாசித்தேன், திரும்ப ஒருமுறை வாசித்தேன். அது அக்காவின் பாடசாலை. தரம் ஒன்று, இரண்டு. வெற்றிடம் அங்கேதான் இருந்தது, பதின்மூன்று வருடமாக. அவள் அதில் இருந்ததால் யாரும் நிரப்பவில்லை.

முதல் நாள் நான் போனபோது அவள் வகுப்பில் இருந்தாள். யாரும் அவளுக்குச் சொல்லியிருக்கவில்லை போல. அதிபர் என்னை வாசலில் விட்டுவிட்டு, "டீச்சர், இவருதான் இனி" என்று மட்டும் சொல்லி மெதுவாக நழுவினார். பிள்ளைகள் தரையில் உட்கார்ந்து ஏதோ ஒட்டிக்கொண்டிருந்தார்கள்.

அவள் கையில் ஒட்டியிருந்த பசையைச் சேலைத் தலைப்பில் துடைத்தாள். என்னை ஏசுவாள் என்று எதிர்பார்த்தேன், அதற்கு ஆசைப்பட்டேன் என்றே சொல்ல வேண்டும். அவள் பிள்ளைகள் பக்கம் திரும்பினாள்.

"எல்லாரும் எந்திரிங்க. புது சேர் வந்திருக்காரு. வணக்கம் சொல்லுங்க."

இருபது பிள்ளைகள் எழுந்து, இழுத்து இழுத்து வணக்கம் சொன்னார்கள். அவள் வரவுப் பதிவேட்டை எடுத்து என் கையில் கொடுத்தாள்.

"அந்த ஓரத்துல நிக்கிற பிள்ளைக்கு எடது காது கேக்காது, சேர். முன்னுக்கு ஒக்கார வச்சு, வலது பக்கமா நின்னு பேசுங்க" என்றாள்.

குடையையும் கைப்பையையும் எடுத்துக்கொண்டு வெளியே போனாள். பிள்ளைகள் என்னைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். உட்காரச் சொல்ல வேண்டியது நான்தான் என்பது எனக்குச் சற்று நேரம் உறைக்கவில்லை.